தனித்திருக்கும் நாயும் ஷிப்டு வேலையும்

ஸ்ரீபெரும்புதூர்–ஒரகடம் வட்டாரத்து ஆலைகளில் ஷிப்டு முறையில் வேலை நடப்பதால், அங்குள்ள குடியிருப்புகளில் வளரும் நாய்க்கு வீட்டார் புறப்படும் நேரமும் திரும்பும் நேரமும் அடிக்கடி மாறக்கூடும். ஆளில்லாத வேளையில் ஓயாமல் குரைப்பதும், கதவைப் பிறாண்டுவதும், வீட்டுக்குள் சிறுநீர் கழிப்பதும் தொடருமானால், கால்நடை மருத்துவர்கள் அதைப் பிடிவாதமாகக் கொள்ளாமல், பிரிவுப் பதற்றம், அதாவது பழகியவர் நீங்கியதும் எழும் அச்ச நிலை, என்று ஐயுறுகின்றனர். எனினும் சிறுநீர்ப்பைத் தொற்று, மூட்டுவலி, தைராய்டு சுரப்புக் குறைவு போன்றவையும் நடத்தையை மாற்றுவதால், உடல்நோய் இல்லையென்று உறுதிசெய்வதே முதல் வேலை. 1903-இல் தொடங்கப்பட்டு இன்று வேப்பேரியில் இயங்கும் சென்னைக் கால்நடை மருத்துவக் கல்லூரி, இத்தகைய பரிசோதனைகளுக்கு இப்பகுதியினர் எட்டக்கூடிய தொலைவிலேயே உள்ளது. ஆளில்லாதபோது செல்பேசியில் எடுத்த காணொளி, வீட்டார் சொல்லும் விவரத்தைவிடப் பெரும்பாலும் மிகுதியாகவே மருத்துவருக்கு உணர்த்திவிடும்.

அடிப்பது அச்சத்தைக் கூட்டுமேயன்றிக் குறைக்காது. சில நொடிகளில் தொடங்கித் தனிமை நேரத்தைச் சிறிது சிறிதாக நீட்டும் பயிற்சியே சிகிச்சையின் அடிப்படை. கடும் பதற்றத்துக்கு, 1998-இல் அமெரிக்காவில் நாய்களுக்கென ஒப்புதல் பெற்ற குளோமிப்ரமின் என்னும் மருந்து, பயன் தெரியச் சில வாரங்கள் ஆகுமாயினும், பயிற்சியோடு சேர்த்துத் தரப்படுவதுண்டு. சீருடையையும் அடையாள அட்டையையும் கண்டதுமே பதறும் நாய்க்காக, விடுமுறை நாளில் அவற்றை அணிந்துகொண்டு வீட்டிலேயே அமர்ந்திருப்பதும் இப்பயிற்சியில் அடங்கும்.