திரைக்கதை எழுதிய செக் வாத்தியார்

பிராக் நகரில் ஒரு மாடி வீடு. ஜன்னலில் இரண்டு கொடிகள்: ஒன்று செக்கோஸ்லோவாக்கியாவுடையது, இன்னொன்று சோவியத் யூனியனுடையது. ஐந்து வயது ரஷ்யச் சிறுவன் தன் நாட்டுக் கொடியைப் பார்த்து ‘க்ராஸ்னி’ என்கிறான். ரஷ்ய மொழியில் ‘சிவப்பு’. அவனை வளர்க்க நேர்ந்த செக் பிரம்மச்சாரியின் காதில் அது ‘அழகு’ என்று விழுகிறது. அவருக்குச் சுருக்கென்று கோபம் வருகிறது. இரு தேசங்களின் கசப்பு ஒரே சொல்லுக்குள் அடங்கிவிட்ட இடம் அது. ‘கோல்யா’ (1996) படத்தின் இந்தக் காட்சியில் ஒரு மொழி ஆசிரியரின் காது தெரிகிறது.

எழுதியவர் ஸ்டெனெக் ஸ்வெராக். 1936-ல் பிராகில் பிறந்தவர். ஆசிரியப் படிப்பு முடித்து, ஜாடெட்ஸ் வட்டாரத்தில் சில ஆண்டுகள் செக் மொழிப் பாடம் நடத்தினார். பிறகு வானொலிக்கு வந்தார். 1966-ல் அங்கே அவரும் நண்பர்களும் யாரா சிம்ர்மன் என்ற கற்பனை மேதையை உருவாக்கினார்கள். எல்லாத் துறையிலும் சாதித்தும் எதிலும் பெயர் வாங்காத மனிதர் அவர். மறு ஆண்டே அவர் பெயரில் நாடக அரங்கம் எழுந்தது. 2005-ல் மாபெரும் செக் நாட்டவரைத் தேர்ந்தெடுக்கத் தொலைக்காட்சி வாக்கெடுப்பு நடத்தியபோது, மக்கள் சிம்ர்மனுக்கு வாக்குகளைக் குவித்தார்கள். வாழ்ந்திராத ஆள் என்பதால் அவரை நீக்க வேண்டியதாயிற்று.

அரங்கத் தோழர் லாடிஸ்லாவ் ஸ்மோல்யாக்குடன் சேர்ந்து ஸ்வெராக் எழுதிய நகைச்சுவைப் படங்களில் ஒன்று, 1976-ல் வந்த மாலைநேரப் பள்ளிக் கதை. தொழிலாளர்கள் அதில் மீண்டும் பெஞ்சில் உட்காருகிறார்கள். இயக்குநர் யிரி மென்சலுக்காக அவர் எழுதிய கிராமத்துக் கதை (1985) ஆஸ்கர் பரிந்துரை பெற்றது. குழந்தைகள் தூங்கப்போகும் முன் செக் தொலைக்காட்சி காட்டும் ‘வெசெர்னிசெக்’ வரிசைக்கும் எழுதியிருக்கிறார்.

பிறகு அப்பா எழுத, மகன் யான் ஸ்வெராக் இயக்கினார். ‘ஒபெட்ஸ்னா ஷ்கோலா’ (1991), இரண்டாம் உலகப் போர் முடிந்த கையோடு அடங்காத வகுப்பு ஒன்றுக்கு வந்துசேரும் ஆசிரியரின் கதை. அதுவும் ஆஸ்கர் வாசல்வரை போனது. ‘கோல்யா’ 1997-ல் சிறந்த அயல்மொழிப் படத்துக்கான ஆஸ்கரையே வாங்கிவந்தது. அந்தப் பிரம்மச்சாரியாக நடித்தவரும் ஸ்வெராக்தான்.

எனக்கு நெருக்கமானது ‘வ்ராட்னே லாஹ்வே’ (2007). பொறுமையிழந்து மாணவன் தலையில் ஈர ஸ்பாஞ்சைப் பிழிந்துவிட்டு வேலையை விடும் செக் மொழி ஆசிரியர், சூப்பர் மார்க்கெட்டில் காலி பாட்டில்களைத் திரும்ப வாங்கும் ஜன்னலில் போய் அமர்கிறார். பாட்டிலோடு வருபவர்களிடம் பேச்சுக் கொடுக்கிறார், அவர்களின் தனிமையைக் கேட்கிறார். அந்த வாத்தியாராக நடித்தவரும் ஸ்வெராக்தான். அப்போது அவருக்கு வயது 70. கரும்பலகையை விட்டு வந்து நாற்பது ஆண்டுகளுக்கும் மேலாகியிருந்தது.