வேலி போட்டது யார்? லூமுட் வட்டாரம் சொல்லும் வரலாறு

மாசி மகம் வந்துவிட்டால் லூமுட் படகுத்துறையில் கால் வைக்க இடமிருக்காது. பங்கோர் தீவின் பத்ரகாளியம்மன் ஆலயத்துக்குச் செல்லும் பக்தர்கள் குடும்பம் குடும்பமாக வந்து இறங்குவார்கள். படகிலும் தீவின் கடைத்தெருவிலும் மலாய்க்காரர், சீனர், தமிழர் மூவரையும் அருகருகே பார்க்கலாம். சுற்றுலாப் பயணி அதைப் படம் பிடித்துக்கொண்டு போய்விடுவார். வரலாறு படிக்கும் மாணவர் இன்னொரு கேள்வியும் கேட்க வேண்டும். இந்த மூவரும் கம்பம், பட்டணம், தோட்டம் என ஆளுக்கொரு பக்கமாகப் பிரிந்து வாழ்ந்தது ஏன்?

"அவரவர் வழக்கம் அப்படி" என்பது பலரும் சொல்லும் பதில். ஆனால் பேராக்கின் வரலாறு வேறு பதில் சொல்கிறது.

1874 ஜனவரி 20-இல் கையெழுத்தான பங்கோர் உடன்படிக்கையைப் பாடநூலில் படித்திருப்பீர்கள். லாருட் ஈயச் சுரங்கங்களில் கீ ஹின், ஹாய் சான் கூட்டங்களுக்கு இடையே நடந்த சண்டையும் அரியணைப் போட்டியும் பிரிட்டிஷாருக்கு வழி திறந்தன. ராஜா அப்துல்லா சுல்தானாக ஏற்கப்பட்டார். ஆட்சிக்கு 'ஆலோசனை' சொல்ல ரெசிடென்ட் ஒருவர் வந்தார். முதல் ரெசிடென்ட் பர்ச் அடுத்த ஆண்டே பாசிர் சாலாக்கில் கொல்லப்பட்டார். லூமுட்டும் அதன் சுற்றுவட்டாரமும் டிண்டிங்ஸ் என்ற பெயரில் நீரிணைக் குடியேற்றங்களின் ஆட்சிக்குள் போய், 1935-இல்தான் பேராக்குக்குத் திரும்பின.

கொடி மாறியதோடு கதை முடியவில்லை. அதன் பிறகு மக்களுக்கு நடுவே மூன்று வேலிகள் எழுந்தன.

முதல் வேலி, வேலை. 1877-இல் கோலகங்சாரில் நடப்பட்ட சில ரப்பர் கன்றுகள், அடுத்த நூற்றாண்டில் பெரும் தொழிலாக வளர்ந்தன. பால் வெட்டத் தோட்ட நிர்வாகங்கள் தமிழ்நாட்டுக் கிராமங்களிலிருந்து ஆள் எடுத்தன. 1907-இல் அமைந்த குடியேற்ற நிதி, கங்காணி கொண்டுவரும் ஆட்களின் கப்பல் கட்டணத்தை ஏற்றது. 1920-களின் பிற்பகுதியில் போக்குவரத்து வசதியுள்ள பகுதிகளுக்கு நிர்ணயிக்கப்பட்ட நாள் கூலி ஆணுக்கு 50 காசு, பெண்ணுக்கு 40 காசு. லயம் தோட்டத்துடையது. வேலை போனால் வீடும் போகும்.

இரண்டாவது வேலி, நிலம். பேராக்கை உள்ளடக்கிய கூட்டு மலாய் மாநிலங்களில் 1913-இல் மலாய் ஒதுக்கீட்டு நிலச் சட்டம் வந்தது. ரப்பர் மோகத்தில் மலாய்க்காரர்களின் நிலம் கைமாறிப் போகாமல் அது காத்தது. 1917-இல் வந்த இன்னொரு சட்டம் நெல் வயல்களில் வேறு பயிர் நடுவதைத் தடுத்தது. ஆக, ரப்பரில் பணம் புரண்ட காலத்தில் மலாய் விவசாயி வயலோடு நிற்க வேண்டியதாயிற்று. சித்தியவானுக்கு 1903-இல் மெதடிஸ்ட் திருச்சபையின் ஏற்பாட்டில் பூச்சோவ் சீனர்கள் வந்தார்கள். அவர்கள் நெல் விளைவிப்பார்கள் என்று அரசு எதிர்பார்த்தது. அவர்களோ விரைவில் ரப்பர் சிறுதோட்டங்களுக்கு மாறினார்கள். தமிழ்த் தொழிலாளிக்கு ஒதுக்கீட்டு நிலமும் இல்லை, சிறுதோட்டம் வாங்கக் கையில் காசும் இல்லை.

மூன்றாவது வேலி, பள்ளி. பள்ளி வயதுப் பிள்ளைகள் பத்துப் பேர் இருந்தால் தோட்டத்தில் பள்ளி வேண்டும் என்று தொழிலாளர் சட்டம் சொன்னது. தமிழ்ப்பள்ளி தோட்டத்தில், மலாய்ப்பள்ளி கம்பத்தில், சீனப்பள்ளி பட்டணத்தில். ஒரே வயதுப் பிள்ளைகள் ஒரே பாடத்தை ஒருபோதும் ஒன்றாகப் படிக்கவில்லை. ஆங்கிலப் பள்ளி நகரத்தில் இருந்தது; தோட்டத்துப் பிள்ளைக்கு அது எட்டாத தூரம்.

ஒருவரை ஒருவர் அறியாத மக்களிடையே பகை மூட்டுவது எளிது. ஜப்பானியர் ஆட்சி சீனர்களைக் கொடுமைப்படுத்தியது. எதிர்ப்புப் படையில் பெரும்பாலும் சீனர் இருந்தார்கள். அவர்களை அடக்க ஏவப்பட்ட போலீசில் மலாய்க்காரர் மிகுந்திருந்தார்கள். ஜப்பான் சரணடைந்ததும் அந்தக் கணக்கு தீர்க்கப்பட்டது. 1945, 1946 ஆண்டுகளில் பேராக்கின் சுங்கை மானிக், பெக்கோர் போன்ற இடங்களில் மலாய்க்காரரும் சீனரும் மோதி உயிர்கள் பலியாயின. 1948 ஜூன் மாதம் சுங்கை சிப்புட்டில் மூன்று ஐரோப்பியத் தோட்ட நிர்வாகிகள் சுட்டுக் கொல்லப்பட, அவசரகாலம் பிறந்தது. 1950-இல் தொடங்கிய பிரிக்ஸ் திட்டம் சுமார் ஐந்து லட்சம் பேரை முள்வேலிக்குள் குடியமர்த்தியது. அவர்களில் பெரும்பாலோர் சீனர். நாட்டிலேயே அதிகமான புதுக்கிராமங்கள் பேராக்கில்தான் எழுந்தன. இந்த வேலி வெறும் உவமை அல்ல, உண்மையான கம்பி வேலி.

ஆனாலும் எந்த வேலியிலும் ஓட்டை இருந்தது. சம்பளம் வரும்வரை அரிசியும் கருவாடும் கடனாகக் கொடுத்தது சீனக்கடை. சந்தையில் மூவரையும் இணைத்தது உடைந்த மலாய்மொழி. பள்ளிக்கூடம் போகாத பாட்டிகள் கம்பத்துப் பெண்களிடம் பேரம் பேசி மீன் வாங்கினார்கள். அந்த உறவை எந்த அரசும் திட்டமிட்டு உருவாக்கவில்லை.

சுதந்திரத்துக்குப் பிறகு தோட்டமும் நிலைக்கவில்லை. ஐரோப்பிய நிறுவனங்கள் விற்ற தோட்டங்கள் துண்டு துண்டாகின. அதைக் கண்டுதான், சுங்கை சிப்புட்டில் பிறந்த துன் வீ.தி. சம்பந்தன் 1960-இல் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கினார். தொழிலாளர்களின் சேமிப்பே அதற்கு முதல். நிலத்தில் உழைத்தவர்கள் பங்குதாரர்களாக நிலத்துக்குச் சொந்தக்காரர் ஆன முயற்சி அது. 1969-க்குப் பின் குடியுரிமை இல்லாதவர்களுக்கு வேலை பெர்மிட் கட்டாயமானபோது, பல்லாயிரம் தமிழர்கள் கப்பலேறி ஊர் திரும்பினார்கள். எஞ்சியவர்களில் பலர் ரப்பர் போய்ச் செம்பனை வந்தபோது பட்டணத்துத் தாமான்களுக்குக் குடிபெயர்ந்தார்கள்.

இன்று மஞ்சோங் தாமான்களில் மூன்று இனத்தவரும் ஒரே வரிசை வீடுகளில் வசிக்கிறார்கள். கம்பி வேலி இல்லை. இரும்புக் கதவு மட்டும்தான். மாணவர்களே, உங்கள் அடுத்த வீட்டுக்காரரின் பெயர் உங்களுக்குத் தெரியுமா? அவருடைய தாத்தா எங்கிருந்து, எதற்காக வந்தார் என்று கேட்டிருக்கிறீர்களா?

இந்த விடுமுறையில் ஒரு சிறு வேலை செய்யுங்கள். வீட்டுப் பெரியவரிடம் மூன்று கேள்விகள் கேளுங்கள்: எந்தத் தோட்டத்தில் இருந்தீர்கள்? எந்தக் கடையில் பற்று வைத்தீர்கள்? கஷ்டத்தில் கைகொடுத்த வேற்று இனத்தவர் யார்? பதிலைத் தேதியோடு எழுதி வையுங்கள். அதே கேள்விகளை ஒரு மலாய் நண்பரும் ஒரு சீன நண்பரும் தங்கள் வீட்டில் கேட்கட்டும். மூன்றையும் பக்கத்தில் வைத்துப் படித்தால், பாடநூலில் இல்லாத பேராக் வரலாறு கிடைக்கும். தாமதிக்க வேண்டாம். லயங்கள் இடிந்துவிட்டன, அவற்றை நினைவில் வைத்திருப்பவர்களுக்கும் வயதாகிறது.

சித்தியவான் என்ற பெயருக்கு ஓர் ஊர்க்கதை உண்டு. சேற்றில் சிக்கிய யானையை விட்டுப் போக மனமில்லாமல் இன்னொரு யானை அதன் அருகிலேயே நின்றதாம். அதனால் 'செத்தியா காவான்', உண்மையுள்ள நண்பன், என்ற சொல்லே ஊர்ப்பெயர் ஆனதாம். கதை மெய்யோ பொய்யோ, லூமுட்டிலிருந்து சித்தியவான் கூப்பிடு தூரம்தான். அந்தப் பெயருக்கு ஏற்றபடி நடப்பது இனி நம் தலைமுறையின் பொறுப்பு.