அரைப் பேர் என்னும் சொல்

டிக்கோயாவின் தோட்ட லயங்களில் வழங்கும் தமிழைக் கொச்சையென ஒதுக்குவோர் இன்றும் உளர். யாழ்ப்பாணத்தார் 'வாறன்' என்பதை இம்மக்கள் 'வாரேன்' என்பர். 19ஆம் நூற்றாண்டில் திருச்சி, மதுரை, புதுக்கோட்டைப் பகுதிகளிலிருந்து வந்த உழைப்பாளரின் பேச்சு அது.

எனினும் இம்மொழியின் தனித்தன்மை தொழிற்சொற்களிலேயே துலங்குகிறது. ஆங்கிலப் 'பரேட்', காலையில் ஆள் கணக்கெடுத்து வேலை பிரிக்கும் 'பிரட்டு' ஆயிற்று. 'லைன்' லயமாயிற்று, இசையின் லயத்துக்கும் இதற்கும் உறவில்லை. தேயிலைச் செடியை வெட்டிச் சீர்செய்வது கவ்வாத்து. நமது 'கங்காணி'யோ ஆங்கிலத்துக்கே சென்று குடியேறியது.

இவற்றுள் கனமானது 'பேர்'. செக்ரோலில் பதியப்படும் ஒரு நாள் வேலையே பேர். பறித்த கொழுந்து குறித்த கிலோவை எட்டாவிடில், பொழுதெல்லாம் மலையில் நின்றவருக்கும் 'அரைப் பேர்'தான். அதாவது பாதி நாட் சம்பளம். 'அரைப் பேர் போட்டாங்க' என்ற முறைப்பாட்டைச் சிங்களத்திலோ ஆங்கிலத்திலோ பெயர்ப்பவர், 'பேர்' என்பதைப் 'பெயர்' என்று மட்டுமே அறிந்திருப்பாராயின் வழக்கின் உயிரே போய்விடும். சி. வி. வேலுப்பிள்ளை மலையக நாட்டார் பாடல்களைத் தொகுத்தளித்தார். தொழிற்சொற்களுக்கும் அத்தகைய தொகுப்பொன்றைப் பல்கலைக்கழகத் தமிழ்த் துறைகள் உருவாக்கி, தொழில் திணைக்கள மொழிபெயர்ப்பாளர்களின் கையில் சேர்ப்பித்தல் வேண்டும்.