உங்களுக்குத் தெரியுமா? அமெரிக்கச் சின்னத்திரையின் முதல் பெண் காவலர்

பெண் காவலர் ஒருவரையே முதன்மைப் பாத்திரமாக்கிய முதல் அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடரான 'டிகாய்' 1957இல் ஒளிபரப்பானபோது, அதைத் தனியொருவராகத் தாங்கி நின்றவர், இன்று பலரும் மறந்துவிட்ட பெவர்லி கார்லண்ட் (1926–2008) என்னும் ஆற்றல்மிக்க நடிகை ஆவார்.

• மாறுவேடத்தில் சென்று குற்றவாளிகளைப் பிடிக்கும் கேசி ஜோன்ஸ் என்ற நியூயார்க் காவலராக 39 பகுதிகளில் நடித்த அவர், கதை முடிந்ததும் கேமராவை நேராக நோக்கிப் பார்வையாளரிடமே பேசினார்.

• அதற்கு முந்தைய ஆண்டில், ரோஜர் கோர்மன் குறைந்த செலவில் இயக்கிய 'கன்ஸ்லிங்கர்' திரைப்படத்தில், கொலையுண்ட கணவர் வகித்த மார்ஷல் பதவியை, அதாவது ஊரின் சட்டக் காவலர் பொறுப்பை, ஏற்கும் பெண்ணாக நடித்திருந்தார்.

• பின்னர் 1969 முதல் 1972 வரை, 'மை த்ரீ சன்ஸ்' என்ற குடும்ப நகைச்சுவைத் தொடரில், நாயகனை மணக்கும் ஆசிரியை பார்பராவாகத் தோன்றினார்.