எண்பது சொல் ராணுவம்

"வீர மதராசி, அடி கொல்லு, அடி கொல்லு!" மதராஸ் ரெஜிமென்டின் இந்தப் போர்முழக்கம், தமிழும் மலையாளமும் புழங்கும் பாலக்காட்டு எல்லையின் நல்லேப்பிள்ளியில் யாருக்கும் சட்டென்று புரியும். பிரிட்டிஷ் இந்தியப் படையின் பொதுமொழியோ ரோமன் எழுத்தில் எழுதிய உருது. துரைகளின் தாய்மொழியும் அல்ல, தமிழ்ச் சிப்பாயின் தாய்மொழியும் அல்ல.

ஆஸ்திரிய-ஹங்கேரிப் பேரரசு வேறு வழி பிடித்தது. ஜெர்மன், ஹங்கேரியன், செக், போலிஷ் என ஏறக்குறைய 11 மொழிக்காரர்கள் கொண்ட பொதுப்படையில் கட்டளைக்கு மட்டும் சுமார் 80 ஜெர்மன் சொற்கள். பயிற்சியும் அன்றாடப் பேச்சும் சிப்பாயின் மொழியில். அதை மூன்றாண்டுகளுக்குள் கற்க வேண்டியவர் அதிகாரி. (மொழிபெயர்ப்பாளனுக்குப் பொறாமை தரும் விதி!) 1914 போரின் முதல் மாதங்களிலேயே அப்படிக் கற்றவர்கள் ஏராளமாக மடிந்தார்கள். அடுத்து வந்த ரிசர்வ் அதிகாரிகள் பலருக்குத் தங்கள் சிப்பாய்களின் மொழி தெரியாது. தோல்விக்கு மொழி மட்டுமே காரணமல்ல. 1918-இல் பேரரசே சிதறியது.