பருப்பு வேகிற தண்ணீர்

போன ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம், அண்ணன் மகள் அடையாறிலிருந்து ஒரு டிபன் கேரியரோடு மயிலாப்பூர் வந்தாள். பாஸ்டனில் இரண்டு வருஷம் படித்துவிட்டுத் திரும்பியவள். அங்கே சாப்பிட்டுப் பழகிய பார்பெக்யூ பேக்டு பீன்ஸை இங்கே செய்து பார்த்திருக்கிறாள். பன்றிக்கறிக்குப் பதில் ஆட்டுக்கறி, அவர்களுடைய வெள்ளை பீன்ஸுக்குப் பதில் காய்ந்த மொச்சை. "ஆறு விசில் விட்டேன், அத்தை. அப்புறம் இன்னும் நாலு. கறி நார்நாராப் போயிடுச்சு, மொச்சை மட்டும் கல்லு மாதிரி அப்படியே இருக்கு" என்றாள்.

ஒன்றை எடுத்துக் கடித்தேன். நறுக்கென்றது. குழம்பின் ருசி மட்டும் அருமை. இனிப்பும் புளிப்பும் காரமும் சரியாகச் சேர்ந்திருந்தன. டீ போட்டு உட்கார்ந்தோம். அன்றைக்கு அவளுக்குச் சொன்னதைத்தான் இங்கே கொஞ்சம் விரித்து எழுதுகிறேன். இந்த ஊரில் மொச்சையோ ராஜ்மாவோ கொண்டைக்கடலையோ வேகாமல் தவித்த எல்லோருக்கும் இது பயன்படும்.

"எதை எப்போ போட்டே?" என்று கேட்டேன். ராத்திரி குழாய்த் தண்ணீரில் மொச்சையை ஊறவைத்திருக்கிறாள். காலையில் மொச்சை, கறி, தக்காளி, புளிக்கரைசல், கருப்பட்டி, மிளகாய்த்தூள் எல்லாவற்றையும் ஒரே குக்கரில் போட்டு மூடியிருக்கிறாள். பெரிய தப்பு அந்த ஒரே குக்கரில்தான் இருந்தது.

மொச்சை வேகிறது என்றால் என்ன நடக்கிறது? அதன் உள்ளே இருக்கும் நுண்ணிய அறைகளை ஒன்றோடொன்று ஒட்டவைத்திருக்கும் பசைக்கு பெக்டின் என்று பெயர். பழ ஜாமை உறையவைப்பதும் அதே பெக்டின்தான். சூட்டில் அது கரைந்து அறைகள் பிரிந்தால், விரலால் நசுக்கும்போது மொச்சை மாவாகிறது. புளிப்பு இருக்கும் தண்ணீரில் அந்தப் பசை கரைய மறுக்கும். தண்ணீரில் கால்சியம் இருந்தால், அது பசையின் இழைகளைக் குறுக்கே கட்டி இன்னும் இறுக்கும். புளியும் தக்காளியும் முதல் வேலையைச் செய்தன. இரண்டாவதைச் செய்தது கருப்பட்டி. பதநீர் புளித்துவிடாமலிருக்கக் கலயத்தின் உட்புறம் சுண்ணாம்பு தடவுவார்கள் இல்லையா, அந்தச் சுண்ணாம்பு கால்சியம்தான். அதன் எச்சம் கருப்பட்டியிலும் கொஞ்சம் தங்கும். பத்து விசில் என்ன, இருபது விட்டாலும் அந்த மொச்சை குழைந்திருக்காது.

பாஸ்டன்காரர்களுக்கு இது அனுபவத்தில் தெரிந்திருந்தது. அந்த ஊருக்கே பீன்டவுன் என்று பட்டப்பெயர். அங்கே குடியேறிய ப்யூரிட்டன் என்ற கிறிஸ்தவப் பிரிவினருக்கு ஞாயிற்றுக்கிழமை ஓய்வு நாள், அடுப்பு வேலை கூடாது. அதனால் சனிக்கிழமையே பீன்ஸை உப்பிட்ட பன்றிக்கறியோடு மண்பானையில் போட்டு, மணிக்கணக்கில் மிதமான சூட்டில் விட்டுவைப்பார்கள். அதில் ஊற்றும் மொலாசஸ், கரும்புச்சாற்றைக் காய்ச்சிச் சர்க்கரை எடுத்தபின் மிஞ்சும் கறுப்புப் பாகு. கரீபியன் தீவுகளில் அடிமைகள் வெட்டிய கரும்பிலிருந்து அது கப்பல் கப்பலாக பாஸ்டன் துறைமுகத்துக்கு வந்தது. 1919 ஜனவரி 15 அன்று அந்த ஊரில் மொலாசஸ் தொட்டி ஒன்று வெடித்து, தெருவில் பாய்ந்த பாகில் சிக்கி 21 பேர் இறந்தார்கள். அவ்வளவு பாகு புழங்கிய ஊர் அது.

அந்தப் பாகிலும் கால்சியம் உண்டு, லேசான புளிப்பும் உண்டு. அதனால்தான் பீன்ஸை முதலில் வெறும் தண்ணீரில் பதமாக வேகவைத்துக்கொண்டு, பிறகு பாகு ஊற்றி அடுப்பில் ஏற்றினார்கள். அதற்குப்பின் எத்தனை மணி நேரம் கொதித்தாலும் பீன்ஸ் கூழாகாது. பாகே அதன் உருவத்தைக் காப்பாற்றும். வேகுமுன் சேர்த்தால் கெடுக்கிற அதே சரக்கு, வெந்தபின் சேர்த்தால் காவலுக்கு நிற்கிறது. நம் வீடுகளில் பருப்பு வெந்தபிறகு சாம்பாருக்குப் புளி ஊற்றுகிறோமே, அதே கணக்கு.

அடுத்தது தண்ணீர். சென்னையில் இதைச் சொல்லாமல் முடியாது. அவள் குடியிருப்பில் வருவது போர் தண்ணீர். வெந்நீர் காய்ச்சும் பாத்திரத்தின் அடியில் வெள்ளையாகப் படிகிறதா என்று கேட்டேன். "ரெண்டு மாசத்துக்கு ஒரு தடவை சுரண்டுறேன், அத்தை" என்றாள். அந்த வெள்ளைப் படிவமும் கால்சியம்தான். என் பாட்டி காலத்தில் மயிலாப்பூரில் ஒரு வீட்டுக் கிணற்றைப் பற்றிப் பேச்சு வந்தால் பெண்கள் முதலில் கேட்பது, அது பருப்பு வேகிற தண்ணியா என்பதுதான். வேதியியல் படிக்காதவர்கள் வைத்திருந்த அந்தச் சோதனையைவிடச் சுருக்கமான தண்ணீர்ப் பரிசோதனை எனக்குத் தெரியாது. ஊறவைக்கவும் வேகவைக்கவும் கேன் தண்ணீரையோ வடிகட்டிய தண்ணீரையோ எடுத்துக்கொள்ளுங்கள். கழுவுவதற்குக் குழாய்த் தண்ணீரே போதும்.

ஊறவைக்கும்போது லிட்டருக்கு இரண்டு டீஸ்பூன் கல்லுப்பு போடுங்கள். உப்பு போட்டால் பயறு வேகாது என்பது பல வீடுகளில் வேதவாக்கு. எங்கள் வீட்டிலும் அப்படித்தான் சொல்வார்கள். உண்மையில் உப்பிலுள்ள சோடியம், தோலில் உட்கார்ந்திருக்கும் கால்சியத்தை நகர்த்திவிட்டு அந்த இடத்தில் உட்காரும். தோல் மெத்தென்று வேகும், வெடிப்பதும் குறையும். ஆப்பசோடாவும் பயறை மென்மையாக்கும்தான். ஆனால் கொஞ்சம் கூடினாலும் சோப்பு வாடை அடிக்கும், பி1 விட்டமினும் அழியும். எனக்கு அதில் விருப்பமில்லை.

பழைய சரக்கு என்றால் இத்தனை செய்தும் பலிக்காது. காய்ந்த பயறுக்கு வயது உண்டு. சூடும் ஈரமும் சேர்ந்த காற்றில் மாதக்கணக்கில் கிடந்தால், பயறுக்குள்ளேயே கட்டுண்டிருக்கும் கால்சியமும் மெக்னீசியமும் விடுபட்டுப் பெக்டினைப் பிடித்துக்கொள்ளும். சென்னைக் காற்று அப்படிப்பட்ட காற்று. போன வருஷ மொச்சையை அலமாரியில் வைத்திருந்து எடுத்தால் பாதி வேகும், பாதி வேகாது. மார்கழி, தை மாதங்களில் மாட வீதிகளிலும் தண்ணித்துறை மார்க்கெட்டிலும் பச்சை மொச்சை குவியும். அப்போது காய்ந்ததைத் தேடவே வேண்டாம். ஊறவும் வேண்டாம், அரை மணியில் வெந்துவிடும். பிதுக்கித் தோலை நீக்கிவிட்டால் இன்னும் சீக்கிரம். கறியோடு பிதுக்குப் பருப்பு சேர்ந்த குழம்பைத் தை மாதத்தில் ஒரு முறை சாப்பிட்டவர்கள் மறக்க மாட்டார்கள்.

ஒரு எச்சரிக்கை. காய்ந்த மொச்சையிலும் ராஜ்மாவிலும் பச்சையாகச் சாப்பிட்டால் உடம்புக்கு ஆகாத நச்சுப்பொருள்கள் உண்டு. ஊறிய தண்ணீரைக் கொட்டிவிட்டுப் புதுத் தண்ணீரில் பத்து நிமிஷம் தளதளவென்று கொதிக்கவிட வேண்டும். கொதிநிலையைத் தொடாத குறைந்த சூட்டில் ராஜ்மாவை நேராக ஸ்லோ குக்கரில் போடுவது ஆபத்து. வாந்தி, வயிற்றுப்போக்கில் கொண்டுபோய் விடும். அவளிடம் அந்தப் பாத்திரம் இருக்கிறது, அதனால் இதை இரண்டு முறை சொன்னேன்.

கறி ஏன் நாராகிப் போனது? ஜாம்பஜாரில் எலும்பில்லாத தொடைக்கறி வாங்கியிருக்கிறாள், கொழுப்பையும் எடுத்துவிடச் சொல்லியிருக்கிறாள். பத்து விசிலில் அதிலிருந்த ஈரமெல்லாம் வெளியேறிவிட்டது. இந்தச் சமையலுக்கு வேண்டியது நெஞ்செலும்பும் முன்னங்காலும், கொஞ்சம் கொழுப்போடு. அங்கே சவ்வு அதிகம். நிதானமான சூட்டில் அந்தச் சவ்வு உருகிக் குழம்பை உதட்டில் ஒட்டுகிற பதத்துக்குக் கொண்டுவரும். பாஸ்டன் பானையில் பன்றிக் கொழுப்பு செய்த வேலை அது.

உப்பிட்ட கறிக்கு நம்மிடம் நேரான ஈடு ஒன்று இருக்கிறது. உப்புக்கண்டம். ஆட்டுக்கறியை நீளவாக்கில் கீறி, உப்பும் மஞ்சளும் மிளகாய்த்தூளும் தடவி, கொடியில் கோத்து வெயிலில் காயவைப்பது. தென் மாவட்டத்து உறவுகள் யாராவது அனுப்பினால் விடாதீர்கள். அரை மணி வெந்நீரில் ஊறவைத்து உப்பை இறக்கிவிட்டு, ஒரு கைப்பிடி இந்த மொச்சையில் சேர்த்தால் குழம்பின் தரமே மாறிவிடும். மயிலாப்பூர் மொட்டைமாடியில் கடற்காற்று ஈரத்தில் நாமே காயவைக்கப் பார்த்தால் கறி கெட்டுப்போக வாய்ப்பு உண்டு. வறண்ட ஊரில் செய்ததை வாங்குவதே நல்லது.

அளவும் முறையும் சொல்கிறேன், நாலு பேருக்கு. கால் கிலோ மொச்சையை வெறும் சட்டியில் லேசாக மணம் வர வறுத்து, எட்டு மணி நேரம் உப்புத் தண்ணீரில் ஊறவையுங்கள். வடித்து, புதுத் தண்ணீரில் பத்து நிமிஷம் கொதித்தபின் குக்கரில் நாலைந்து விசில். ஒன்றை மட்டும் நசுக்கிப் பார்த்து ஏமாறாதீர்கள், ஐந்தாறு எடுத்துப் பாருங்கள். அரை கிலோ கறியை இஞ்சி, பூண்டு, மஞ்சளோடு வேறு பாத்திரத்தில் முக்கால் பதம் வேகவையுங்கள். அடி கனமான அகலச் சட்டியில் நல்லெண்ணெய், கடுகு, இருபது சின்ன வெங்காயம். வெங்காயம் நன்றாகச் சிவக்க வேண்டும், இங்கே அவசரம் ஆகாது. இரண்டு தக்காளி, இரண்டு டீஸ்பூன் குழம்பு மிளகாய்த்தூள், நெல்லிக்காயளவு புளியின் கரைசல், 50 கிராம் கருப்பட்டி. பச்சை வாடை போனதும் மொச்சை, கறி, கறி வெந்த தண்ணீர் எல்லாம் சேரட்டும். மூடாமல், சின்னத் தீயில் முக்கால் மணி நேரம். ஓவன் இருந்தால் 160 டிகிரியில் ஒரு மணி நேரம்.

பார்பெக்யூவின் புகை வேண்டுமென்றால், கனிந்த அடுப்புக்கரித் துண்டு ஒன்றைச் சின்னக் கிண்ணத்தில் போட்டுக் குழம்பின் நடுவே வைத்து, அதன்மேல் அரை ஸ்பூன் நெய் விட்டு உடனே மூடுங்கள். மூன்று நிமிஷம் போதும். அதற்கு மேல் விட்டால் கசக்கும்.

அன்றே சாப்பிடலாம், ஆனால் மறுநாள்தான் ருசி. ராத்திரி ஆறவைத்து ஃபிரிட்ஜில் வைத்து, காலையில் மறுபடி சுண்டவையுங்கள். மீந்த குழம்பைச் சுண்டவைத்துச் சுண்டக்கறி என்று நாம் சாப்பிடுவதும், பாஸ்டன்காரர்கள் ஞாயிறு காலையில் பானையைத் திறப்பதும் என் கணக்கில் ஒரே ருசிதான். சோற்றைவிடத் தோசைக்கு இது இன்னும் பொருத்தம்.

அவள் புதன்கிழமை மறுபடி செய்தாள். கேன் தண்ணீர், தனித்தனிப் பாத்திரம், புளி கடைசியில். ஐந்தாவது விசிலில் மொச்சை வெந்துவிட்டது என்று போன் செய்தாள். நீங்கள் செய்வதானால் ஒன்று மட்டும் கேட்டுக்கொள்கிறேன்: மொச்சை வாங்கும்போது, இது இந்த வருஷத்து மொச்சைதானா என்று கடைக்காரரிடம் கூச்சப்படாமல் கேளுங்கள்.