வாழைப்பொத்தியிற் கட்லட்: மச்சமின்றி ஒரு மொறுமொறுப்பு

யாழ்ப்பாணத்துச் சைவ வீடுகள் பலவற்றில் மச்சச் சட்டி வேறு, சைவச் சட்டி வேறு. நல்லூர்க் கந்தசுவாமி கோயிலிற் கொடியேறிவிட்டால் மச்சச் சட்டி ஒதுக்கி வைக்கப்படும். 25 நாள் திருவிழா முடிந்த பின்னரே அது மீண்டும் அடுப்பங்கரைக்கு வரும். பெரியவர்களுக்கு இது பழகிப்போன நெறி. பிள்ளைகளுக்கோ, முதல் வாரம் கடந்ததுமே நா மீனைத் தேடத் தொடங்கிவிடுகிறது. “இன்றைக்கும் மரக்கறிதானா?” என்ற வினா எழாத வீடு அரிது. அந்த வினாவிற்கு அதட்டல் ஒரு விடையாகாது. தட்டில் வைக்கத்தக்க நல்லதொரு பண்டமே விடையாகும்.

அத்தகைய பண்டங்களுள் ஒன்று வாழைப்பொத்திக் கட்லட். மேற்புறம் மொறுமொறுப்பாகவும் உட்புறம் நார் நாராகவும் அமைந்து, மீன் கட்லட்டை நினைவூட்டுவது இது.

“மனம் மீனை நாடும்போது வாய் மட்டும் சைவமாய் இருந்து என்ன பயன்?” என்று கேட்பார் உளர். வினா நியாயமானதே. ஆயினும் விரதம் வேறு, சைவச் சாப்பாடு வேறு. விரதம் அனுட்டிப்போர் வெங்காயத்தையும் விலக்கி ஒருபொழுது உண்பர். பொரித்த பண்டம் அவர்களுக்குரியதன்று. வீட்டில் மச்சம் புழங்காத நாளிற் பள்ளிக்கூடம் விட்டு வரும் பிள்ளைக்குரியது இது. சீனத்துப் பௌத்த மடங்களிலும் சோயா அவரையிலிருந்தும் கோதுமையிலிருந்தும் மீன் போன்ற பண்டங்களை ஆக்கும் வழக்கம் நெடுங்காலமாக உண்டு. கொல்லாமையைப் போற்றிய துறவிகளே சுவையைப் பழிக்கவில்லை என்பது கருதத்தக்கது.

இனி, மீன் கட்லட்டின் சுவை எங்கிருந்து வருகிறது என்று சற்று ஆராய்வோம். அதிலுள்ள மீனின் பங்கு நாம் எண்ணுமளவு பெரிதன்று. ரின் மீனை உதிர்த்து, உருளைக்கிழங்கோடு பிசைந்து, வெங்காயம், பச்சை மிளகாய், மிளகு, கறிவேப்பிலை, தேசிக்காய்ப் புளி ஆகியவற்றைச் சேர்த்துப் பொரிக்கிறோம். மிளகின் காரமும் தேசிக்காயின் புளிப்பும் மீனோடு நெடுநாள் உறவுடையன. மீன் நாற்றத்திற்குக் காரணமான அமைன்கள் காரத்தன்மை உடையவை; புளியின் அமிலம் அவற்றை அடக்குகிறது. ஆகவேதான் மீனுக்குத் தேசிக்காய் பிழிந்தனர் நம் முன்னோர். அவ்வுறவு நாவிலே பதிந்துவிட்டமையால், மீன் இல்லாதவிடத்தும் மிளகும் தேசிக்காயும் மீனை நினைவூட்டுகின்றன. எஞ்சியிருப்பது உதிரும் நார்த்தன்மை ஒன்றே. அதனை வாழைப்பொத்தி தருகிறது. பிரித்தானியாவிலும் அண்மைக் காலத்தில் மீனுக்குப் பதிலாக வாழைப்பொத்தியை மாவிலே தோய்த்துப் பொரித்து விற்கத் தலைப்பட்டுள்ளனர். நம் வளவில் தலைகுனிந்து தொங்கும் பொருளின் அருமையை அவர்களும் அறிந்துகொண்டனர்.

வேண்டிய பொருள்கள்

நடுத்தர அளவான வாழைப்பொத்தி ஒன்று; கடலைப்பருப்பு 150 கிராம்; உருளைக்கிழங்கு 250 கிராம்; சின்ன வெங்காயம் 12; பச்சை மிளகாய் 3; மிளகுதூள் ஒரு தேக்கரண்டி; பெருஞ்சீரகத்தூள் அரைத் தேக்கரண்டி; கறிவேப்பிலை ஒரு நெட்டு; தேசிக்காய் ஒன்று; கோதுமை மா 4 மேசைக்கரண்டி; றஸ்க் தூள் 100 கிராம்; உப்பும் தேங்காய் எண்ணெயும் அளவாக. இவற்றிலிருந்து ஏறத்தாழ 18 கட்லட் செய்யலாம்.

செய்முறை

கடலைப்பருப்பை இரண்டு மணி நேரம் ஊறவைத்து, விரலால் நசுக்கினால் மசியுமளவிற்கு அவித்து, நீரை முற்றாக வடித்து, ஒன்றிரண்டாக மசித்துக்கொள்க. குழைந்துவிடலாகாது.

கைகளில் எண்ணெய் பூசிக்கொண்டு பொத்தியின் சிவந்த மடல்களை வெளிறிய பகுதி தோன்றும்வரை உரித்தெடுக்க வேண்டும். இல்லையேல் கயர் கையிற் பிடிக்கும். மடல்களுக்கிடையே உள்ள பூக்களில் விறைப்பான நடு நரம்பை நீக்கிவிட்டுப் பூக்களையும் உட்குருத்தையும் மெல்லியதாக அரிந்து, உப்பும் சிறிது பழப்புளியும் கரைத்த நீரில் உடனே போடுக. காற்றுப் பட்டால் அரிந்தவை கறுத்துவிடும். புளியின் அமிலம் அதனைத் தடுக்கும். பின்னர் மஞ்சள் சேர்த்துப் பத்து நிமிடம் அவித்து, ஆறியதும் துணியிலிட்டு இயன்றமட்டும் பிழிக. கட்லட் உடைவதற்கு முதற் காரணம் நீரே என்பதை மறத்தலாகாது.

தாச்சியிற் சிறிது எண்ணெய் விட்டு, அரிந்த வெங்காயம், மிளகாய், கறிவேப்பிலை ஆகியவற்றை வதக்கி, பொத்தியையும் தூள்களையும் இட்டு ஈரம் வற்றும்வரை கிளறி இறக்குக. அவித்து மசித்த உருளைக்கிழங்கையும் பருப்பையும் உப்பையும் சேர்த்துப் பிசைந்து, ஆறிய பின் தேசிக்காய்ப் புளி விடுக.

முட்டையும் மச்சமெனக் கொள்ளும் வீடுகள் பல. ஆதலால், முட்டைக்குப் பதிலாகக் கோதுமை மாவை நீரிற் கரைத்து, அதில் உருண்டைகளைத் தோய்த்து, றஸ்க் தூளிற் புரட்டுக. இருபது நிமிடம் குளிர்ந்த இடத்தில் வைத்தால் மேற்பூச்சு நன்கு பற்றிக்கொள்ளும்.

மொறுமொறுப்பின் இரகசியம்

எண்ணெயில் ஒரு சிட்டிகை றஸ்க் தூளை இட்டதும் அது நுரைத்து மேலெழுந்தால் சூடு பதமாயிற்று எனக் கொள்க. அது ஏறத்தாழ 180 பாகை. நான்கு கட்லட்டுக்கு மேல் ஒரே முறையில் இட்டால் எண்ணெய் குளிர்ந்துவிடும். சூடான எண்ணெயில் மேற்பூச்சின் நீர் ஆவியாகி வெளியே பாய்கிறது. அந்த ஆவி பாயும்வரை எண்ணெய் எளிதில் உட்புகாது. தாச்சியிலிருந்து எடுத்து ஆறும்போதுதான் மேலே ஒட்டிய எண்ணெய் உள்ளே இழுபடுகிறது. ஆகவே எடுத்தவுடன் வடிதட்டில் இடுக. ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கற்க. பொன்னிறமும் நறுமணமும் புரதமும் சீனியும் வெப்பத்திற் கூடுவதால் எழுவன; 1912ஆம் ஆண்டில் இதனை விளக்கிய பிரெஞ்சு அறிஞர் மையார் பெயராலேயே இவ்விரசாயன மாற்றம் வழங்குகிறது.

கடலின் மணமும் வேண்டுவோர், உலர்த்திய கடற்பாசித் தாளை வாட்டிப் பொடித்து ஒரு தேக்கரண்டி சேர்க்கலாம். கடற்பாசியின் தனிச்சுவைக்குக் காரணம் குளூட்டாமிக் அமிலம் என்பதை 1908ஆம் ஆண்டில் ஜப்பானிய அறிஞர் இக்கேடா கண்டறிந்தார்.

உடலுக்கு என்ன?

இங்கே ஓர் உண்மையைத் தெளிவாகக் கூறுதல் கடமை. மீனைப் போலச் சுவைப்பது மீனைப் போல ஊட்டமளிக்கும் என்பதில்லை. 100 கிராம் மீனில் ஏறத்தாழ 20 கிராம் புரதம் உண்டு; அதே நிறையுள்ள வாழைப்பொத்தியில் 2 கிராம் அளவே. கடலைப்பருப்பை நாம் சேர்ப்பது இக்குறையை ஓரளவு ஈடுசெய்யவே. அப்படியிருந்தும் ஒரு கட்லட்டிற் கிடைப்பது ஏறத்தாழ 3 கிராம் புரதமே. வளர்ந்த ஒருவருக்கு நாளொன்றிற்கு 50 கிராம் அளவில் வேண்டும். மேலும், 1948ஆம் ஆண்டிற் பிரித்தெடுக்கப்பட்ட பி12 என்னும் உயிர்ச்சத்து மரக்கறிகளிற் கிடைப்பதில்லை. பாலும் தயிரும் அதனைத் தரும். ஆதலால் சைவ நாட்களிற் பருப்பு, பயறு, கௌபி, தயிர் ஆகியவை வளரும் பிள்ளைகளின் தட்டில் தவறாது இடம்பெறவேண்டும். ‘கட்லட் கொடுத்தாயிற்று’ என்று தாய்மார் அமைதி கொள்ளலாகாது.

கடையில் வாங்குவோர் இன்னொன்றையும் கவனிக்கவேண்டும். சம்பலில் மாசிக் கருவாடு கலப்பதுண்டு. போத்தலில் அடைத்த சோஸ் சிலவற்றில் நெத்தலியும் சிப்பியும் சேர்ந்திருக்கும். சுட்டியை வாசித்தே வாங்குக.

விருந்தினருக்குப் பரிமாறும்போது இது வாழைப்பொத்தி என்று முதலிலேயே கூறிவிடுதல் நன்று. மச்சம் உண்ணாதவர் ஐயமின்றி உண்பர். உண்பவர் வியந்து உண்பர். ஒரு தாச்சியில் இறங்கிய ஒரே பண்டத்தைப் பாட்டியும் பேரனும் ஒரே மேசையிலிருந்து பகிர்ந்துண்ண முடியுமாயின், வளவிலே வீணாகும் அந்தப் பொத்தியை அரியச் செலவிடும் அரைமணி நேரம் வீண்போகாது.